ஸ்தாமென் போட்ட விவாகரத்து வழக்கு

ஸ்தாமென் எழுபது வயதுக்கு மேல் மனைவியிடமிருந்து விவாகரத்துக் கேட்டு வழக்குப் போட்டார். அவருக்கு வக்கீல் நான்தான். அவர் ஆஸ்பத்திரியில் படுத்திருந்தபோது, மனைவி கெர்கினா அவர் வளர்த்த புறாக்களை எல்லாம் பிடித்து, மலைக்கு அந்தப் பக்கம் இருக்கும் தன் தம்பிக்குக் கொடுத்துவிட்டாள்.

“தப்பு அவ மேலதான்னு கோர்ட்டே சொல்லணும்” என்று என் மேசையைத் தட்டினார்.

வழக்கு நடந்த காலம் முழுக்க இருவரும் ஒரே வீட்டில்தான் இருந்தார்கள். விசாரணைக்கு ஒரே பஸ்ஸில் வருவார்கள். அவருடைய மாத்திரை அவள் கைப்பையில் இருக்கும். வீட்டில் புறாப் பேச்சை அவள் எடுத்தாலே, “கோர்ட்ல வந்து சொல்லு” என்பார். கோர்ட்டிலோ வாய்தாவுக்கு மேல் வாய்தா. அவள் பதில் சொல்லும் முறை வருவதற்குள், தக்காளிப் பாத்திக்குத் தண்ணீர் விட்டுக்கொண்டிருந்தவர் அப்படியே சரிந்துவிட்டார்.

எங்கள் ஊர் வழக்கப்படி வாசற்கதவில் ஒட்டும் சாவு அறிவிப்பிலேயே தகராறு தொடங்கிவிட்டது. அதில் மனைவி பெயர் வரக்கூடாது என்றாள் ஸ்தாமெனின் அக்கா யோர்டாங்கா.

“இவ வேணாம்னு எழுதிக் குடுத்தவன்டி அவன்!”

மகள் ரலிட்சாவோ அம்மாவின் பெயரையே முதலில் போட்டாள்.

அடுத்த விசாரணைக்கு மூவரும் வந்தார்கள். நீதிபதி அம்மாள் விளக்கினார்: மனுதாரர் இறந்துவிட்டதால் இனி விவாகரத்து என்பது இல்லை. ஆனால் தப்பு யார் மேல் என்று மட்டும் தீர்ப்பு வேண்டுமென்றால், மகள் வழக்கைத் தொடரலாம்.

“தொடரணும்னு சொல்லுடி. உங்கப்பனோட ஆசை” என்று யோர்டாங்கா ரலிட்சாவை இடித்தாள்.

“ஆமா ரலி, தொடரு” என்றாள் கெர்கினா. “நான் பதில் சொல்லணும்.”

“அம்மா மேல நான் கேஸ் நடத்தறதா? முடியாது” என்றாள் ரலிட்சா.

நீதிபதி வழக்குக் கட்டை மூடினார். கெர்கினா உட்காரவில்லை.

“அப்ப நான் சொல்ல வேண்டியது?”

“கேஸ் முடிஞ்சு போச்சும்மா. எதையும் பதிவு பண்ண மாட்டோம். சும்மா சொல்லுங்க, கேக்கறேன்.”

அவள் என் பக்கம் திரும்பினாள். “நீங்கதானே அவருக்கு வக்கீல்? உங்ககிட்டயே சொல்றேன் தம்பி. புறாத் தூசி நெஞ்சுக்கு ஆகாதுன்னு டாக்டர் அவர் முன்னாடியேதான் சொன்னாரு. அதுக்கு இவரு, ‘புறா இல்லாத வீட்டுக்கு நான் எதுக்கு வரணும்’னாரு. நான் இருக்கேனே அந்த வீட்ல! அந்தக் கோவத்துலதான் குடுத்தேன். அவர் நெஞ்சுக்காகன்னு சொன்னா பாதிதான் நெசம்.”

யோர்டாங்காதான் முதலில் வாய் திறந்தாள்.

“அப்படியா சொன்னான் அந்த மடையன்? முன்னமே சொல்லியிருந்தா நானே வந்து கூண்டைத் திறந்திருப்பேனேடி!” சொல்லிக்கொண்டே தம்பி மனைவியின் தோளைப் பிடித்து அழுதாள்.

வெளியே படிக்கட்டில் கெர்கினா ஒரு டப்பாவைத் திறந்தாள். இறந்தவருக்காகச் சர்க்கரை போட்டு அவித்த கோதுமை.

“எனக்கு எதிரா நின்ன வக்கீல்தான் நீங்க. பரவால்ல, சாப்பிடுங்க” என்று முதல் கரண்டியை எனக்கே கொடுத்தாள். பிறகு மெல்லக் கேட்டாள்: “அப்ப நான் அவர் பொண்டாட்டிதானே?”

“சட்டப்படி அவரோட விதவைம்மா.”

“அதேதானே” என்று சொல்லி, யோர்டாங்காவுக்கு இன்னொரு கரண்டி அள்ளினாள்.