மாடிப்படியை வெட்டிய நாள்

கெய்ரோவில் ஒரு படம் தேறுமா தேறாதா என்று பத்திரிகைக்காரன் வந்தா சொல்லவேண்டும்? கொட்டகையில் விதை கொறிக்கிற சத்தத்தைக் கேட்டால் போதும். கதை பிடித்து இழுத்தால் வறுத்த தர்பூசணி விதை மடியிலேயே கிடக்கும். சலித்துவிட்டதோ, டக் டக்கென்று ஆரம்பித்துவிடுவார்கள்.

போன வாரம் ஸ்டூடியோ ஆட்களுக்குப் போட்டுக் காட்டியபோது, மணப்பெண் மாடிப்படி இறங்கும் இடத்தில் தகரக் கூரையில் மழை பெய்த மாதிரி சத்தம். கடைசி வரிசையில் உட்கார்ந்து கேட்டுக்கொண்டிருந்தாள் இன்ஸாஃப். எடிட்டராக அவளுக்கு அது முதல் படம். அதுவரை அவள் செட் போடுகிறவள். அந்த மாடிப்படியையும் அவள்தான் கட்டினாள். அதோடு முழங்கால் போய்விட்டது, இனிச் சாரம் ஏற முடியாது. "படத்தை நீயே வெட்டு" என்று டைரக்டர் ரம்ஸிதான் கூப்பிட்டு உட்காரவைத்தான். தயாரிப்பாளர் ஹாஜி மத்பூலிக்குப் படம் பிடிக்காவிட்டால் இந்த நாற்காலியும் போச்சு. அப்புறம் வீட்டில் கத்தரிக்காயைக் குடைந்து அரிசி அடைத்துக்கொண்டு கிடக்கவேண்டியதுதான்.

"ரம்ஸி, அந்த மாடிப்படி கொஞ்சம் நீளமோ?" என்று மெல்லக் கேட்டுப் பார்த்தாள்.

"அதுல மட்டும் கை வைக்காதே. சொல்லிட்டேன்!"

தான் எடுத்த காட்சி, உயிராக வைத்திருக்கிறான் போல என்று வாயை மூடிக்கொண்டாள். ஆனால் ஹாஜி படம் பார்க்க வரும் அன்று காலையில் மனசு கேட்கவில்லை. வருவது வரட்டும் என்று, ரம்ஸியிடம் சொல்லாமலே மொத்தப் படிக்கட்டையும் வெட்டி எறிந்தாள். இப்போது மேலே கதவருகில் மேளச் சத்தம் கேட்டு நடுங்குகிறாள் பெண். அடுத்த கணமே கீழே மணமேடையில் கல்லாக உட்கார்ந்திருக்கிறாள்.

மத்தியானம் ஹாஜி பெரிய விதைப் பொட்டலத்தோடு வந்து முன்வரிசையில் சாய்ந்தார். ஆரம்பத்திலிருந்தே கொறித்துக்கொண்டுதான் இருந்தார். பெண் கதவருகில் வந்தாள். மணமேடை வந்தது. பக்கத்திலிருந்த ரம்ஸி திடுக்கிட்டு இன்ஸாஃபின் மணிக்கட்டைப் பிடித்தான். தொலைந்தோம் என்று நினைத்தாள். முன்வரிசையில் சத்தம் நின்றுபோயிருந்தது. கடைசிவரை திரும்ப எழவேயில்லை.

விளக்கு போட்டார்கள்.

"எங்கே மாடிப்படி?" என்றான் ரம்ஸி.

"குப்பைக்கூடையில. திட்டுறதை வெளியில வந்து திட்டு."

"அல்ஹம்துலில்லாஹ்! அதை வெட்டணும்னு நானே தவிச்சிட்டிருந்தேன், இன்ஸாஃப். கட்டி முடிச்ச அன்னிக்கு அந்தப் படியில உக்காந்து அப்படி அழுதியே! உன் கடைசி செட்டு. அதை வெட்டுன்னு உங்கிட்டயே எப்படிச் சொல்றது?"

"அடப்பாவி! முட்டி வலி தாங்காம அழுதேன்டா! அந்தப் படியை நினைச்சாலே எனக்கு எரியுது!"

இருவருக்கும் சிரிப்பு பீறிட்டது. ஹாஜி திரும்பி முறைத்தார். அவர் கண்ணெல்லாம் சிவந்திருந்தது.

"என்ன சிரிப்பு வேண்டிக்கிடக்கு? அந்தப் பொண்ணு பாவம்!" என்றவர் பொட்டலத்தை இன்ஸாஃப் கையில் திணித்தார். "இந்தா, நீயே தின்னு. எனக்கு நினைப்பே வரலை. அடுத்த படத்தையும் நீதான் வெட்டணும்மா, ஆமா."

அப்பாடா என்றிருந்தது இன்ஸாஃபுக்கு. ஒரு வாரமாக ரொட்டி இறங்காத தொண்டை. ஒரு பிடி விதையை அள்ளி, நின்ற இடத்திலேயே டக் டக்கென்று கொறிக்க ஆரம்பித்தாள்.