சின்னையாவின் காத்து

கிள்ளானில் டாக்டர் வீரசிங்கத்தின் கிளினிக்குக்கு அந்த ஆண்டுதான் கம்ப்யூட்டர் வந்தது. பெரிய டாக்டர்களின் அறிவையெல்லாம் அதற்குள் ஏற்றி வைத்திருக்கிறார்களாம். அது காட்டும் கேள்விகளை நோயாளியிடம் கேட்டு, ஆம், இல்லை என்று தட்டினால் போதும். யார் உடனே உள்ளே போக வேண்டும், யார் காத்திருக்கலாம் என்று அதுவே சொல்லிவிடும்.

தட்டும் வேலை சந்திரகலாவுக்கு. மாலையில் பிரிக்பீல்ட்ஸில் கம்ப்யூட்டர் படிப்பவள். "அது சொல்லுற வரிசையை மாத்தக் கூடாது பிள்ளை" என்று டாக்டர் சொல்லியிருந்தார். போன வாரம் மனம் கேட்காமல் ஒருவரை முன்னால் அனுப்பினாள். அது வெறும் சளி. நன்றாக வாங்கிக் கட்டிக்கொண்டாள்.

அன்று பண்டமாரானிலிருந்து லோரி ஓட்டுநர் சின்னையா வந்தார். தைல வாசனை அவருக்கு முன்னால் வந்தது.

"நெஞ்சு வலி இருக்கா அங்கிள்?"

"வலியெல்லாம் இல்லம்மா. காத்துதான்லா. நேத்து மழைல நனைஞ்சேன், உள்ள பூந்துக்கிச்சு."

இல்லை என்று தட்டினாள். வயிற்று வாயு, காத்திருக்கலாம் என்றது திரை.

அவர் போய் உட்கார்ந்தார். அவளால் உட்கார முடியவில்லை. சுழலும் காற்றாடிக்கு நேர்கீழே இருந்தும் அவர் சட்டை வேர்வையில் நனைந்துகொண்டிருந்தது. கை நெஞ்சைத் தேய்த்தது, பிறகு தோளை, மறுபடி நெஞ்சை.

"மிஷினே வெயிட் பண்ணலாம்னு சொல்லிருச்சு, மாப்பிள்ளை மாதிரி ஏன் வேர்க்குது அண்ணே?" என்று பக்கத்திலிருந்த இராஜம்மா சீண்டினாள். அவர் சிரிக்கவில்லை.

சந்திரகலாவின் வீட்டிலும் அப்படித்தான். எங்கே பிடித்தாலும் காத்து. காத்தை யாரும் வலிக்கணக்கில் சேர்ப்பதில்லை. ஆனால் அவர் வாயால் இல்லை என்றாரே. அதை ஆம் என்று மாற்ற அவள் யார்? மறுபடியும் சளியாக இருந்துவிட்டால்?

விரல் இரண்டு முறை போய்த் திரும்பியது. மூன்றாம் முறை தட்டிவிட்டாள். உடனடி, இதயம் என்றது திரை.

உள்ளே ஓடினாள்.

"நெஞ்சு வலி எண்டு அவர் சொன்னவரோ?"

"இல்ல டாக்டர். காத்துன்னாரு. நான்தான் மாத்தினேன்."

 டாக்டர் ஸ்டெதாஸ்கோப்பை எடுத்துக்கொண்டு வெளியே நடந்தார். சற்று நேரத்தில் சின்னையா டாக்டரின் காரிலேயே பெரிய ஆஸ்பத்திரிக்குக் கிளம்பினார். "காத்துக்குப் போயி காரா" என்று முனகிக்கொண்டே ஏறினார்.

சாயங்காலம் ஆஸ்பத்திரியிலிருந்து டாக்டர் போன் செய்தார். மாரடைப்புதான், ஆள் பிழைத்துக்கொள்வார். "நல்ல காரியம்" என்றெல்லாம் அவர் சொல்லவில்லை. "காலையில மற்ற ஆக்களுக்கு என்னத்தைத் தட்டினனீர்?" என்றுதான் கேட்டார்.

காத்து என்று வந்த மற்றவர்களுக்கு என்ன தட்டினாள் என்று அவளுக்கு நினைவில்லை. வகுப்புக்குப் போகாமல் அன்று வந்துபோனவர்களின் அட்டைகளை எடுத்து, ஒவ்வொரு எண்ணாகப் போன் சுழற்றத் தொடங்கினாள்.

"அக்கா, கிளினிக்லேர்ந்து பேசுறேன். காலைல காத்துன்னீங்களே, எந்த இடத்துல?"