ஏழு பவுண்டு இரண்டு அவுன்ஸ்

கிளைவ் ஹொஸ்கின் அந்த இரும்பு ஏணியில் ஒவ்வொரு படியாக இறங்கினார். இங்கே வராமலிருக்க, முழங்கால் ஒத்துழைக்காது என்று பல வருடங்களாகச் சொல்லி வந்த சாக்கு இப்போது நிஜமாகவே ஆகிவிட்டிருந்தது. மேலே நின்ற மனைவி பெரில், "மெதுவாப் போ, கப்பல் ஒண்ணும் ஓடிப் போகாது," என்றாள். ஓடித்தான் போகப் போகிறது. அடுத்த மாதம் இந்த நீர்மூழ்கியை வடக்கே இழுத்துப் போய் உடைக்கப் போகிறார்கள். அதற்குள் ஒரு தடவையாவது வந்து பார் என்று பெரில் பிடித்த பிடியில்தான் அவர் டெவன்போர்ட் கப்பல் தளத்துக்கு வந்திருந்தார். கீழே கால் வைத்ததும் முதல் ஏமாற்றம் மூக்குக்கு. டீசலும் வேர்வையும் வெந்த முட்டைக்கோஸும் கலந்த அந்தப் பழைய நாற்றம் போய், தரை துடைக்கும் எலுமிச்சை மருந்து வாசனை அடித்தது. சமையல்காரராக நூற்றுச் சொச்சம் ஆண்களுக்கு ராத்திரி பகல் பார்க்காமல் தான் ரொட்டி சுட்டுப் போட்ட இடம் ஆஸ்பத்திரி மாதிரி மணப்பது அவருக்குப் பிடிக்கவில்லை.

ஸ்டால்வர்ட் என்ற அந்த நீர்மூழ்கி ஓய்வு பெற்ற பிறகு சனி, ஞாயிறுகளில் பொதுமக்களுக்குச் சுற்றிக் காட்டினார்கள். காட்டுபவன் டென்சில் பாஸ்கோ. அந்தக் காலத்தில் இதே கப்பலில் ரேடியோக்காரனாக இருந்தவன். கிளைவின் கல்யாணத்தில் மோதிரத்தைப் பத்திரமாக வைத்திருந்து எடுத்துக் கொடுத்தவன். பிற்பாடு பிறந்த மகனுக்கு ஞானத்தந்தை. வருவதைச் சொல்லாமல் போய் நின்று அவன் மூஞ்சி போகிற போக்கைப் பார்க்கலாம் என்றது பெரில்தான். அந்த யோசனை கிளைவுக்கும் பிடித்துப் போனது. ஆகவே தொப்பியை நெற்றி வரை இழுத்துவிட்டு, உயரமான ஒரு ஜெர்மன்காரருக்குப் பின்னால், கூட்டத்தின் கடைசியில் நின்றுகொண்டார். வயசான காலத்தில் இப்படி ஒளிந்து விளையாடுவது அவருக்கே சிரிப்பாக இருந்தது.

டென்சில் முன்னால் நின்று கதை அளந்துகொண்டிருந்தான். ஆள் சதை போட்டிருந்தான். குரல் மட்டும் அப்படியே இருந்தது.

"ஸ்டால்வர்ட்ங்கற பேருக்கு இது ரெண்டாவது ஒடம்பு. மொத ஸ்டால்வர்ட் போர்க்கப்பல். முப்பதாயிரம் டன். பதினஞ்சு அங்குல பீரங்கி எட்டு. அது வருதுன்னா அடிவானத்துலயே பொகை தெரியும். அது சுட்டா கரையில சன்னல் கண்ணாடி ஒடையும். அரசாங்கத்துக்கு அதுதான் வேணும், எல்லாரும் பாக்கணும், பயப்படணும். அப்புறம் அதை இரும்புக் கடைக்குப் போட்டுட்டு, பேர மட்டும் தூக்கி இதுக்கு வச்சாங்க. இது அப்படியே தலகீழ். வருதுன்னு யாருக்கும் தெரியக் கூடாது. தும்முனா தப்பு. கரண்டி கீழ விழுந்தா தப்பு. எங்க சமையல்காரன் ஒருத்தன் ஒரு நாள் வாணலியத் தவற விட்டான், கேப்டன் ஒரு வாரம் அவன் மூஞ்சியில முழிக்கல."

கூட்டம் சிரித்தது. அந்த வாணலி கிளைவுடையது. அவரும் சிரித்தார், பெரிலின் விலாவில் முழங்கையால் இடித்தார். பெரில் சிரிக்கவில்லை. கைப்பையை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு முன்னால் பார்த்தபடி நின்றாள். காற்றில்லாத இடம், அவளுக்கு ஒத்துக்கொள்ளவில்லை போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டார்.

ரேடியோ அறை வாசலுக்கு வந்ததும் டென்சில் குரலைத் தணித்தான். இது அவனுடைய பழைய வித்தை. மதுக்கடையில் கதை சொல்லும்போதும் முக்கியமான இடத்தில் குரலைத் தணிப்பான். எல்லோரும் தலையை நீட்டிக் கேட்பார்கள்.

"கடலுக்குள்ள போயிட்டா நாங்க பேச முடியாது. கேக்கத்தான் முடியும். வீட்லேருந்து வாரத்துக்கு ஒரு சேதி வரும், நாப்பது வார்த்தை. பூனை குட்டி போட்டுச்சு, கூரை ஒழுகுது, இப்படி. கெட்ட சேதி வந்தா மட்டும் ஆளுக்குக் கொடுக்க மாட்டாங்க. கேப்டன்கிட்டப் போகும், அவரு பூட்டி வச்சிருவாரு. கரைக்கு வர்ற அன்னிக்குத்தான் சொல்லுவாங்க. முன்னாடியே சொல்லி என்ன பண்றது, எறங்கியா போக முடியும்? ஆக, அந்தக் கப்பல்ல விஷயம் தெரிஞ்சவங்க ரெண்டே பேர்தான். ஒண்ணு கேப்டன். இன்னொண்ணு, இந்த நாற்காலியில ஒக்காந்து அதை எழுதி எடுத்தவன்."

இதுவரை இதை கிளைவ் யோசித்ததே இல்லை. கேப்டனுக்குத் தெரியும் என்பது தெரியும். கேப்டனுக்கு யார் எழுதிக் கொடுத்தார்கள் என்று ஒரு நாள்கூட, ஒரு ராத்திரிகூடத் தோன்றியதில்லை.

"ஒரு பையன் இருந்தான்," என்றான் டென்சில். "பேரு வேணாம். கரையில பொண்டாட்டி மாசமா இருக்கா. மொத குழந்தை. கெளம்புன ரெண்டாவது வாரம் ஒரு சேதி வருது. நான்தான் எழுதுறேன். குழந்தை முன்னாடியே பொறந்துடுச்சு. பொண் குழந்தை. சாயங்காலம் வரைக்கும் இருந்துச்சு." அங்கே நிறுத்தினான். கதவின் ஓரத்தை விரலால் தடவினான். "அவனுக்குத் தெரியாது. அவன் பாட்டுக்குப் பேரு யோசிக்கிறான், எல்லார்கிட்டயும் கேக்கறான். பசங்க ஒரு பந்தயம் வச்சாங்க, குழந்தை எவ்வளவு எடை இருக்கும்னு. ஜெயிக்கிறவனுக்கு எல்லாரோட சாக்லேட்டும். நானும் கட்டணும். கட்டலேன்னா ஏன்டான்னு கேப்பாங்கல்ல? அவனே தொப்பிய எங்கிட்ட நீட்டுனான். நான் சொன்னேன், ஏழு பவுண்டு ரெண்டு அவுன்ஸ்."

முன்வரிசையில் ஒரு பெண் வாயைப் பொத்திக்கொண்டாள். டென்சில் அவளுக்குக் கொஞ்சம் அவகாசம் கொடுத்தான். எவ்வளவு அவகாசம் என்பது அவனுக்குப் பழக்கமாகியிருந்தது. "ஆறு வாரம்," என்றான் பிறகு. "ஆறு வாரம் அவன் எதுர்ல ஒக்காந்து சாப்பிட்டேன். சொல்லாம இருக்கறதுதான் இந்தக் கப்பலோட வேலை. சரி, தலையப் பாத்து வாங்க, அடுத்தது சமையக்கட்டு." திரும்பி, ஆட்களை எண்ணுவதற்காகக் கூட்டத்தின் மேல் கண்ணை ஓட்டியபோது ஜெர்மன்காரர் குனிந்திருந்தார். டென்சிலின் கண் கிளைவின் முகத்தில் வந்து நின்றது.

கிளைவ் சமையல் கட்டைப் பார்க்கவில்லை. எப்படி ஏணியில் ஏறினார் என்பதும் பிறகு நினைவில்லை. கப்பல் தளத்தின் ஓரத்து பெஞ்சில் உட்கார்ந்திருந்தார். நினைவுக்கு வந்ததெல்லாம் ஒரே காட்சி. எடிஸ்டோன் கலங்கரை விளக்கம் தெரிய ஆரம்பித்த காலையில் கேப்டன் அவரை அறைக்குக் கூப்பிட்டு விஷயத்தைச் சொன்னார். வெளியே வந்தபோது டென்சில் நடைவழியில் நின்றிருந்தான். ஒரு வார்த்தை பேசாமல் கட்டிப் பிடித்துக்கொண்டு, கிளைவை விட அதிகமாக, தோள் நனைய அழுதான். கடற்படையை கிளைவ் மன்னித்தது அந்த அழுகையால்தான். உலகத்தில் ஒருத்தனாவது தன்னோடு சேர்ந்து, அதே நிமிஷத்தில் அந்த அடியை வாங்கினான் என்று இத்தனை வருடமும் நம்பி வந்திருந்தார்.

கூட்டத்தை வழியனுப்பிவிட்டு டென்சில் வந்தான். உட்காரவில்லை.

"வரேன்னு ஒரு வார்த்தை சொல்லக் கூடாதாடா?"

"சொல்லியிருந்தா? வேற கதை சொல்லியிருப்பியா?"

"பேரச் சொல்றதில்லடா. ஒரு நாளும் பேரச் சொன்னதில்ல."

"எவ்வளவு பெரிய மனசு," என்றார் கிளைவ். "தொப்பிய உங்கிட்ட நீட்டினேன். நீ மேல பாத்து யோசிச்ச. எனக்கு நல்லா ஞாபகம் இருக்கு. ஏழு பவுண்டுன்ன, அப்புறம் இல்ல இல்ல, ரெண்டு அவுன்ஸ் சேத்துக்கன்ன. எல்லாரும் சிரிச்சோம். அந்த ரெண்டு அவுன்ஸ் எதுக்குடா?"

டென்சில், "நம்பும்படியா இருக்கணும்னு," என்றான்.

"அன்னிக்கு நடைவழியில அழுதியே, அது?"

"அது ஆறு வாரமா உள்ள வச்சிருந்தது. என்ன பண்ணச் சொல்ற? சொல்லியிருந்தா என்னை உள்ள தள்ளியிருப்பாங்க. அது கெடக்கட்டும், நீ என்ன ஆகியிருப்ப? கரைக்கு வந்ததும் சொல்லிடலாம்னுதான் இருந்தேன். பெரில்தான் வேணாம்னா."

சொன்ன பிறகுதான் சொல்லிவிட்டோம் என்று அவனுக்குத் தெரிந்தது. பெரில் பெஞ்சின் மறுகோடியில் உட்கார்ந்து, பக்கத்து மேடையில் ஒரு நாய் கயிற்றை மோந்து பார்ப்பதைப் பார்த்துக்கொண்டிருந்தாள். டென்சில் இரண்டு பேரையும் மாறி மாறிப் பார்த்தான். "அடுத்த கூட்டம் நிக்குது," என்று முனகிவிட்டு நடந்தான். பத்தடி போய்த் திரும்பி, "நிறுத்திடட்டுமாடா? அந்தக் கதைய?" என்று கேட்டான். கிளைவ் பெரில் பக்கம் திரும்பினார்.

"உனக்கு எப்போ தெரியும்?" என்று மனைவியிடம் கேட்டார்.

"நீ கரைக்கு வந்த அந்தக் கோடையிலேயே. நீ கடைக்குப் போயிருந்த. சமையக்கட்டுல வந்து நின்னு சொன்னான், சொல்லிட்டு அழுதான். நான்தான் உங்கிட்ட சொல்ல வேணாம்னேன். அப்போ நீ யார்கிட்டயும் பேசறதே இல்ல, அவன்கிட்ட மட்டுந்தான் பேசுவ. அதையும் பிடுங்கச் சொல்றியா?"

"இங்க வந்து அவன் இதைச் சொல்லிட்டிருக்கறது?"

"தெரியும். நாலஞ்சு தடவ வந்திருக்கேன். நீ மீன் பிடிக்கப் போற சனிக்கிழமைல."

கிளைவ் அவளைத் திரும்பிப் பார்த்தார். முதல் தடவை பார்க்கிற ஆள் மாதிரி இருந்தாள். "எதுக்கு?"

"வேற எங்க போய்க் கேக்கறது?" என்றாள் பெரில். குரல் உயரவில்லை. "ரோஸ்மேரின்னு பேரு வச்சு நான்தான் புதைச்சேன். நீ வந்தே, ஒரு தடவ கல்லறைக்கு வந்தே, அதோட சரி. வீட்ல அந்தப் பேரச் சொன்னா எழுந்து தோட்டத்துக்குப் போயிடுவ. நானும் விட்டுட்டேன். இவன் பேரச் சொல்றதில்ல. ஆனா ஒரு பொண் குழந்தைன்னு சொல்றான். சாயங்காலம் வரைக்கும் இருந்துச்சுன்னு சொல்றான். முன்னப் பின்ன தெரியாதவங்க அவ்வளவு பேர் நின்னு கேக்கறாங்க. கப்பல ஒடச்சுட்டா அதுவும் இல்ல. அதுக்குள்ள நீ ஒரு தடவ கேக்கணும்னு நெனச்சேன். அதான் கூட்டிட்டு வந்தேன்."

இரக்கம் வந்திருக்க வேண்டும். அது கிளைவுக்குத் தெரிந்தது. ஆனால் வந்தது கோபம்தான். தன் வீட்டுச் சாவு ஊராருக்கு வாரா வாரம் பரிமாறப்பட்டிருக்கிறது. தனக்கு மட்டும் இலை போடவில்லை. மனைவி அந்தப் பந்தியில் உட்கார்ந்து சாப்பிட்டுவிட்டு வந்து, மீன் கிடைச்சுதா என்று தன்னைக் கேட்டிருக்கிறாள். இவர்கள் இருவரையும் விட்டால் மனசு விட்டுப் பேச அவருக்கு யாரும் இல்லை. இந்த இருவரும்தான் இத்தனை வருடமும் ஒரே கதவுக்குப் பின்னால் நின்றிருக்கிறார்கள்.

எழுந்தார். பெரில், "வீட்டுக்கா?" என்று கேட்டாள். அவர் வீட்டுக்குப் போகும் படகுத்துறைப் பக்கம் போகவில்லை. கப்பலின் நடைபாலத்தை நோக்கிப் போய், அடுத்த கூட்டத்தின் வரிசையில் நின்றார். வாசலில் இருந்த பெண், "சார், நீங்க இப்பத்தானே பாத்துட்டு வந்தீங்க?" என்றாள். "சரியாக் கேக்கல," என்றார் கிளைவ். இந்தத் தடவை தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு, கூட்டத்தில் முதல் ஆளாக, டென்சிலின் மூச்சுக்காற்று படுகிற தூரத்தில் நின்றார்.

டென்சில் போர்க்கப்பலைச் சொன்னான். பதினைந்து அங்குல பீரங்கியைச் சொன்னான். கண்ணாடி உடைந்ததற்கு இவர்கள் சிரித்தார்கள். வாணலிக் கதையை விட்டுவிட்டான். நடைவழியில் முன்னேறி ரேடியோ அறை வாசலுக்கு வந்தார்கள். கிளைவ் அவன் வாயையே பார்த்தார். சொல்லட்டும், என் முகத்தைப் பார்த்துச் சொல்லட்டும், சொன்னால் இங்கேயே சட்டையைப் பிடிப்பது என்று நினைத்துத்தான் இறங்கி வந்திருந்தார். ஆனால் அந்த வாசலில் நின்றபோது உள்ளுக்குள் வேறொரு அவசரம் எழுந்தது. ஒரு பொண் குழந்தை என்று அவன் சொல்லப் போகும் அந்த இடத்துக்காகக் காது தவித்தது.

டென்சில் கதவில் கை வைத்தான். கிளைவின் கண்ணைப் பார்க்கவில்லை.

"இது ரேடியோ ரூம்," என்றான். "சேதி வாங்கறது எல்லாம் இங்கதான். வேற பெருசா ஒண்ணும் இல்ல. தலையப் பாத்து வாங்க, அடுத்தது சமையக்கட்டு."

சொல்லிவிட்டு வேகமாக நடந்துவிட்டான். கூட்டம் நகர முயன்றது, முடியவில்லை. முன்னால் ஒரு கிழவர் கதவுச் சட்டத்தை ஒரு கையால் பிடித்தபடி குறுக்கே நின்றிருந்தார். "சார், கொஞ்சம் வழி விடுறீங்களா?" என்று பின்னாலிருந்து ஒரு பெண் கேட்டாள். அவருக்குக் கேட்டதாகத் தெரியவில்லை. கொஞ்ச நேரம் காத்திருந்து பார்த்துவிட்டு, ஒவ்வொருவராகக் குனிந்து, நீட்டிய அந்தக் கைக்கு அடியில் நுழைந்து, மன்னிப்புக் கேட்டுக்கொண்டே அந்தப் பக்கம் போனார்கள்.