அந்தி உண்ணி

1938ஆம் வருஷம், ஒலக்கூரை அடுத்த சேரியில் இருந்த குப்பம்மாளின் பிடரியில் ஒரு சாயங்காலமே உண்ணியாக ஒட்டிக்கொண்டது. நிலக்காரர் தேவநாதனுடைய கொல்லையில் மல்லாட்டை பிடுங்கி முடித்த பிறகு, மண்ணில் தப்பிய கடலைக்காய்களைப் பொழுது சாய்ந்தும் குனிந்து பொறுக்கிக்கொண்டிருந்தபோது அது நடந்தது. முதலில் மாட்டு உண்ணி அளவுதான் இருந்தது. நிறம் மட்டும் மேற்கு வானத்து நிறம். பக்கத்து வீட்டு லூர்துமேரி வேப்பெண்ணெய் விட்டுப் பார்த்தாள், புகையிலைச் சாறு தேய்த்துப் பார்த்தாள். பிடித்து இழுத்தால் குப்பம்மாளுக்குத்தான் உயிர் போனது. உண்ணி அசையவில்லை.

அது இரத்தம் குடிக்கவில்லை, பொழுதைக் குடித்தது. அவளுடைய விடியற்காலைகளை முதலில் குடித்தது, பிறகு மத்தியானங்களை, கடைசியில் இரவுகளையும். புளியம்பழம் அளவுக்குப் பெருத்தபோது, அவள் இருக்கும் இடத்தில், கூப்பிட்டால் கேட்கும் தூரம் வரை, எப்போதும் விளக்கு வைக்கிற நேரமாக இருந்தது. அவள் நடந்த வழியில் கோழிகள் அடைந்தன, அந்திமந்தாரை காலையிலேயே பூத்தது. களை எடுக்கப் போனால், உடன் வேலை செய்தவர்கள் பொழுது போய்விட்டது என்று கரையேறினார்கள். அதனால் யாரும் அவளை வேலைக்குச் சேர்க்கவில்லை. திண்டிவனம் சந்தைக்குப் போனாள், கடைக்காரர்கள் சாக்கைக் கட்டிக்கொண்டு கிளம்பிவிட்டார்கள். விழுப்புரம் ஜங்ஷனில் இறங்கினாள், விளக்கு ஏற்றுகிற ஆள் நடுப்பகலில் ஏணியைத் தூக்கிக்கொண்டு ஓடினான். அங்கே ஒரு வைத்தியர், நோயாளி பார்க்கும் நேரம் முடிந்தது என்று கதவைச் சாத்தினார்.

இதையெல்லாம் பொறுத்துக்கொள்ளலாம். விளக்கு வைக்கிற நேரத்தில் உப்பு, பால், மோர், ஊசி, தானியம் எதையும் வீட்டை விட்டு வெளியே கொடுக்கக் கூடாது என்று ஒரு வழக்கம் உண்டு. கொடுத்தால் லட்சுமி போய்விடுவாளாம். குப்பம்மாள் எந்த வாசலில் நின்றாலும் அது விளக்கு வைக்கிற நேரம். ஊர்த்தெருப் பெண்கள் கெட்டவர்கள் இல்லை. "நல்ல நேரத்துல வந்து நிக்கிறியே குப்பு, காலைல வா, தர்றேன்" என்று அன்பாகத்தான் சொன்னார்கள். காலையில் வந்தாள். அன்பாக அதையே மறுபடியும் சொன்னார்கள். சேரியில் யாரும் அந்த வழக்கத்தைப் பார்க்கவில்லை, ஆனால் அங்கே கொடுப்பதற்கு ஒன்றும் இல்லை.

அந்தச் சாயங்காலத்தால் லாபம் பார்த்த ஒரே ஆள் தேவநாதன். தோப்புக்கு நடுவே தனியாக இருந்தது அவருடைய வீடு. வழி தப்பி அந்தப் பக்கம் குப்பம்மாள் போனபோது, கொட்டகையில் இருந்த பசுக்கள் எல்லாம் கத்தி, மடி சுரந்து நின்றன. அவர் புத்திசாலி. அன்றிலிருந்து அவளை வரவழைத்துக் கொட்டகை ஓரம் நிறுத்தி, பகலிலும் ஒரு கறவை கறந்தார். அவள் தோப்பைத் தாண்டியதும் வெயில் திரும்பும், பால் வண்டி திண்டிவனத்துக் காப்பிக் கிளப்புகளுக்குக் கிளம்பும். கூலி கேட்டால், "விளக்கு வைக்கிற நேரத்துல பால் வெளிய போவக் கூடாதும்மே, உனுக்குத் தெரியாதா?" என்பார். லூர்துமேரி போய்க் கேட்டாள். நின்றவள்தான் வந்து வாங்க வேண்டும், அதுதான் முறை என்றார். முறை தெரிந்த மனுஷன்.

குப்பம்மாளுக்கு ஒரு குழந்தை இருந்தது, சின்னபொண்ணு. புருஷன் பேதியில் போன பிறகு பிறந்தது. உண்ணி தாய்ப்பாலையும் சேர்த்தே குடித்துவிட்டது. ஒரு செம்பு பாலுக்காகத்தான் அவள் வருஷக்கணக்கில் அந்தக் கொட்டகை ஓரம் நின்றாள். சேரிக் கூழில் குழந்தை எப்படியோ வளர்ந்தது. 1943இல் கேப்பையும் கிடைக்காமல் போய், கூழும் நின்றது. அந்த வருஷம் சின்னபொண்ணு செத்தாள்.

பொழுது சாய்ந்த பின் பிள்ளையைக் குழியில் வைப்பதில்லை. இந்த ஒரு வழக்கத்தைச் சேரியும் விடவில்லை. குப்பம்மாள் பக்கத்தில் இருந்தால் தூக்க முடியாது. லூர்துமேரிதான் சொன்னாள்: "நீ கொஞ்சம் தள்ளிப் போம்மே. புள்ள வெளிச்சத்துல போவட்டும்." குப்பம்மாள் ஏரிக்கரையின் அந்தக் கோடி வரை நடந்து, அங்கே தன் சாயங்காலத்துக்குள் நின்றாள். இங்கே நல்ல வெயில் அடித்தது. குழந்தையை வெயிலில் புதைத்தார்கள். மறுநாள் குழியில் தெளிக்கத் தேவநாதன் ஒரு செம்பு பால் கொடுத்தனுப்பினார். பகல் நேரம், அவளும் பக்கத்தில் இல்லை, தடையொன்றும் இல்லை. பெரிய மனசு என்று ஊரில் பேசிக்கொண்டார்கள்.

அதற்கடுத்த நாள் குப்பம்மாள் அழைக்காமலே போய், தேவநாதன் வீட்டு வாசலுக்கு எதிரே வேப்பமரத்தடியில் உட்கார்ந்தாள். எழுந்திருக்கவில்லை. விளக்கு வைக்கிற நேரம் அந்த வீட்டில் தங்கிவிட்டது. பால் வெளியே போக முடியாமல் பானையிலேயே திரிந்தது. குதிர் நெல் குதிரிலேயே புழுத்தது. அந்த நேரத்தில் படுத்தால் மூதேவி வருவாள் என்று தேவநாதன் கண் மூடாமல் உட்கார்ந்திருந்தார். அவளை இழுத்துப்போட ஆட்களை வரவழைத்தார். தோப்புக்குள் நுழைந்ததும் அவர்கள், "பொழுது போச்சுங்க ஆண்ட, காலைல பாத்துக்கலாம்" என்று கம்பைச் சாத்திவிட்டு வீட்டுக்குப் போனார்கள்.

கடைசியில் அவரே செம்பு நிறையப் பாலோடு வந்தார். "எடுத்துக்கினு போயிடு. இன்னும் இன்னா வேணுமோ கேளு."

"விளக்கு வைக்கிற நேரத்துல குடுக்கக் கூடாதுங்க ஆண்ட" என்றாள் குப்பம்மாள். "விடிஞ்சதும் வாங்கிக்கினு போறேன்."

லூர்துமேரி தனக்குக் கிடைத்த அன்று கூழ் கொண்டுவந்து கொடுத்துக்கொண்டிருந்தாள். யுத்தம் முடிந்தது. மண்ணெண்ணெய் பங்கிடுகிறவர் அந்த வீட்டுக்கு மட்டும் கொஞ்சம் கூடுதலாக ஊற்றினார், யாரும் ஏனென்று கேட்கவில்லை. 1947இல் ஊரெல்லாம் கொடி ஏற்றினார்கள். தேவநாதனும் ஒரு கொடியோடு வாசலுக்கு வந்தார். பொழுது சாய்ந்த பின் கொடி ஏற்றுவதில்லை என்பது நினைவுக்கு வர, அதை மடித்துக்கொண்டு உள்ளே போய் விளக்குத் திரியைத் தூண்டிவிட்டார்.