வெளியே நீட்டிய கை

வைரவர் சந்திக்கு இன்னும் இருநூறு யார் தூரம் இருக்கும்போதே வலக்கையை ஜன்னலுக்கு வெளியே நீட்டிவிட்டேன். பின் இருக்கையில் குணலட்சுமி பிள்ளைப்பேற்று நோவில் பல்லைக் கடித்துக்கொண்டு மூச்சு விட்டாள். அவளுடைய தலையை மடியில் வைத்திருந்த தாய் பராசக்தி, "முருகா, முருகா" என்று சொல்லிக்கொண்டு இடப்பக்க ஜன்னலால் வெளியே பார்த்தபடி இருந்தாள். முன்னால் எனக்குப் பக்கத்தில் குணலட்சுமியின் புருஷன் தில்லைநாதன். துணிப்பையையும் சுடுதண்ணீர்ப் போத்தலையும் மடியில் வைத்துக்கொண்டு, என் கால் அக்சிலேற்றரில் இருக்கிறதா என்று குனிந்து குனிந்து பார்த்தான். வட்டுக்கோட்டையில் ஏறும்போதே அவனுக்குச் சொல்லியிருந்தேன். ஆஸ்பத்திரி வரைக்கும் கார் எங்கேயும் நிற்காது. நின்றால் திரும்ப வெளிக்கிடாது.

தொண்ணூற்று மூன்றாம் ஆண்டு அது. அரசாங்கம் பெற்றோலை மறித்து மூன்று வருடமாகியிருந்தது. யாழ்ப்பாணத்தில் ஓடிய கார்கள் எல்லாம் மண்ணெண்ணெயில் ஓடின. மண்ணெண்ணெயில் எஞ்சின் ஓடுமே தவிரத் தொடங்காது. தொடங்குவதற்குச் சின்னப் போத்தல் ஒன்றில் பெற்றோல் வைத்து, சேலைன் குழாயால் காபுறேற்றருக்குள் சொட்டுச் சொட்டாக விட வேண்டும். என்னுடைய மொறிஸ் மைனருக்குப் பற்றறியும் செத்துவிட்டதால் இரண்டு பேர் பின்னால் தள்ளவும் வேண்டும். அன்று காலை போத்தலின் அடியில் ஒரு விரல் உயரத்துக்குப் பெற்றோல் இருந்தது. குணலட்சுமியை ஏற்ற வெளிக்கிட்டபோது அதில் பாதி போய்விட்டது. மிச்சம் இன்னொரு தடவைக்குக் காணும்.

கைப் பிறேக்கும் பிடிக்காது. நிற்பதென்றால் ஒரு கால் பிறேக்கில், ஒரு கால் கிளச்சில் இருக்க வேண்டும். அக்சிலேற்றரை விட்டால் மண்ணெண்ணெய் எஞ்சின் இரண்டு தரம் இருமிவிட்டுச் செத்துவிடும். பெடல் மூன்று, எனக்குக் கால் இரண்டு. இதுதான் முழுக் கதையும்.

லைசன்சுக்குப் போனபோது சந்தியில் எப்படித் திரும்புவது என்று கேட்டார்கள். மனப்பாடமாகச் சொன்னேன். வலப்பக்கம் திரும்புகிறவன் முன்கூட்டியே பின்னால் பார்த்து, கை காட்டி, வீதியின் நடுவுக்கு வர வேண்டும். எதிரே வருகிறவர்களைப் போகவிட்டு, நின்று, பிறகு திரும்ப வேண்டும். நேரே போகிறவன் இடப்பக்கத்தோடு போக வேண்டும். சந்திக்குள் வந்தபிறகு பக்கம் மாறக் கூடாது. இந்த மூன்று வருடத்தில் இதிலிருந்து ஒரு சொல்லைத்தான் நான் நீக்கினேன். "நின்று" என்ற சொல்லை. மற்றதை எல்லாம் யாரையும்விட ஒழுங்காகச் செய்தேன். மற்றவர்கள் ஐம்பது யாரில் கை காட்டினால் நான் இருநூறு யாரில் காட்டினேன். ஹோனில் இருந்து கையை எடுக்கவில்லை. கதவுத் தூணிலிருந்து எழும்ப வேண்டிய மஞ்சள் கைகாட்டி எப்போதோ உடைந்துவிட்டது. இடப்பக்கக் கண்ணாடி இந்தக் காருக்கு ஒருபோதும் இருந்ததில்லை. என் வலக்கைதான் இந்தக் காரின் வாய். சனம் அதை நம்பி விலகியது.

போன கிழமை இயக்கத்தின் பொலிஸ் இந்தச் சந்தியின் நடுவில் ஒரு தார்ப் பீப்பாவைக் கவிழ்த்துப் போட்டு, நீலச் சட்டைப் பெடியன் ஒருவனை அதன்மேல் ஏற்றிவிட்டது. முதல் நாளே என்னை மறித்தான். நான் நிற்காமல் முதலாம் கியரில் பீப்பாவைச் சுற்றி ஓடினேன்.

"அண்ணை, சந்தி எண்டால் நிக்கோணும்!"

"நிண்டால் வெளிக்கிடாது தம்பி."

"அப்ப ஏன் உந்தக் காரை வச்சிருக்கிறியள்? உள்ளுக்கை கோழி வளருங்கோவன்."

சந்தித் தேநீர்க்கடையின் மர வாங்கில் உட்கார்ந்திருந்தவர்கள் சிரித்தார்கள். அவன் பேசி முடிக்கும்வரை நான் மூன்று சுற்றுச் சுற்றினேன். பீப்பாவில் நின்றபடியே என்னோடு சேர்ந்து சுழன்று சுழன்று பேசினான். கடைசியில் அவனுக்கே சிரிப்பு வந்துவிட்டது. ஆனாலும் கொப்பியில் பெயரை எழுதினான்.

"சீவரத்தினம் எண்டுதானே சொன்னனீங்கள்? அடுத்தமுறை காரை இஞ்சை விட்டிட்டு நடந்துதான் வீட்டை போவியள்."

கார் போனால் எனக்கு வேறு ஒன்றுமில்லை. கம்பஸ் படிப்பை இரண்டாம் வருடத்தில் விட்டுவிட்டேன். பிறகு சீமெந்துத் தொழிற்சாலையில் எட்டு வருடம் இரவு வேலை. தொண்ணூறில் அந்த இடமே ஆமியிடம் போனது. வேலை போனாலும் பழக்கம் போகவில்லை. இன்றும் இரவில் கண் மூடாது. பகலில் ஸ்டியறிங்கைப் பிடிக்கும்போது கண் எரியும்.

காலை நேரத்தில் அந்த வீதியில் எனக்குப் பழக்கமான ஒரே ஆள் பாண்காரன் யாகோப்பு. ஐம்பது வயதிருக்கும். சைக்கிள் கரியரில் மரப்பெட்டி, பெட்டி நிறைய பேக்கரியில் சுட்ட பாண். பெட்டி அவருடைய முதுகைவிட அகலம். திரும்பிப் பார்த்தாலும் பெட்டிதான் தெரியும். அதனால் அவர் காதை நம்பித்தான் ஓடினார். என் ஹோன் கேட்டதும் இடப்பக்கத்தோடு ஒட்டுவார். நான் அவரைத் தாண்டி நடுவுக்குப் போய்க் கையை வெளியே நீட்டுவேன். சந்தி வாயில் சனம் விலகுவதற்காக நான் வேகத்தைக் குறைக்கும்போது, அவர் என் இடப்பக்கத்தால் மிதித்துக்கொண்டு நேரே போவார். கை வெளியே இருந்தால் கார் வலப்பக்கம் போகும், இடப்பக்கம் தனக்கு. மாதக்கணக்காக இது ஒருநாளும் தவறியதில்லை. ஒருமுறை நின்று பாண் வாங்கக்கூட முடியாத என்னைப் பார்த்து, மிதித்தபடியே கத்துவார்.

"டேய் சீவரத்தினம், உன்ரை கார் எண்டைக்கு நிக்குதோ அண்டைக்குத்தான் இந்த நாட்டுச் சண்டையும் முடியும்!"

அன்றும் சந்திக்கு முன்னால் அவரைத் தாண்டினேன். தலையை ஆட்டினார். நானும் ஆட்டினேன்.

காலை ஏழரை. எதிரே பள்ளிக்கூடப் பிள்ளைகள், வெள்ளை வெள்ளையாகச் சைக்கிள்கள், முடிவில்லாமல். பீப்பாவில் அதே பெடியன். ஒரு கையால் நேரே போகிறவர்களை வா வா என்றான். மறு கையை விரித்து எனக்கு நேரே பிடித்தான். நில். எங்களுக்கிடையில் பத்து யார் தூரம்கூட இல்லை. நடுவில் நான், கை வெளியே.

"அம்மா, வரப்போகுது," என்றாள் குணலட்சுமி. கத்தவில்லை. யாருக்கோ தகவல் சொல்வதுபோலச் சொன்னாள்.

"அண்ணை, நிப்பாட்டிப் போடாதையுங்கோ," என்றான் தில்லைநாதன்.

வலப்பக்க வீதி ஆஸ்பத்திரிக்கு நேர்வழி. நேரே போகிற வீதியும் அரை மைல் சுற்றி அங்கேதான் போய்ச் சேரும். அது திறந்திருந்தது. கையை உள்ளே இழுத்ததும் ஸ்டியறிங்கை இடப்பக்கம் ஒடித்ததும் ஒரே நேரத்தில் நடந்தன. பார்க்கக் கண்ணாடி இல்லை என்று பிறகு எனக்கு நானே சொல்லிப் பார்த்தேன். அது பொய். கழுத்து இருந்தது. திருப்பவில்லை.

யாரோ கதவைத் தட்டுவதுபோல இரண்டு தரம் சத்தம் கேட்டது. பெரிய சத்தமில்லை. வீட்டுக்கு வந்தவர் உள்ளே ஆள் இருக்கிறதா என்று தட்டுவதுபோல.

"என்ன அது?" என்றேன்.

"கல்லு," என்றான் தில்லைநாதன். அவன் என்னைப் பார்க்கவில்லை. "சில்லு கல்லிலை ஏறினது. நீங்கள் போங்கோ."

போனேன். பீப்பாவில் இருந்து விசில் ஊதுவது கேட்டது. அது தேய்ந்து போகும்வரை நான் மூன்றாம் கியருக்கு மாற்றவில்லை. மாற்ற மறந்துவிட்டேன்.

ஆஸ்பத்திரி முற்றத்தில் காரை நிறுத்தினேன். எஞ்சின் செத்தது. தள்ளுவண்டி கொண்டுவந்து குணலட்சுமியை ஏற்றினார்கள். தில்லைநாதன் பையோடு பின்னால் ஓடினான். பராசக்தி மட்டும் மெதுவாக இறங்கிச் சேலையைச் சரிசெய்தாள். பிறகு என் ஜன்னலுக்குப் பக்கத்தில் வந்தாள்.

"தம்பி, நான் அந்தப் பக்கந்தான் இருந்தனான். பாண்பெட்டிக்காரன் விழுந்தவர்."

நான் சாவியைத் திருப்பி எடுத்தேன்.

"எழும்பினதை நான் காணேல்லை," என்றாள். மகள் போன பக்கமாக நடந்துபோனாள்.

இறங்கி இடப்பக்கத்தைப் பார்த்தேன். கதவில் ஒரு நெளிவு. அதற்குக் கீழே மரப்பெட்டி உரசிய கோடு ஒன்று, பென்சிலால் கீறியதுபோல. இரத்தம் இல்லை. இல்லாததைப் பார்த்து எனக்குச் சந்தோஷம் வந்தது. அந்தச் சந்தோஷம் அருவருப்பாகவும் இருந்தது.

வாசலில் போய் நின்றேன். விழுந்தவரை இங்கேதான் கொண்டுவர வேண்டும். வேறு இடமில்லை. கொண்டுவந்தால் சைக்கிளில் இருத்தி, அல்லது வண்டிலில் கிடத்தி, இந்த வாசலால்தான் வர வேண்டும். தூரத்தில் சனம் கூட்டமாக வந்தால் நடுவில் யாரைக் கொண்டுவருகிறார்கள் என்று எட்டிப் பார்த்தேன். தலையில் சாரத் துணியைச் சுற்றிய ஒருவரைச் சைக்கிள் பாரில் இருத்திக்கொண்டு வந்தார்கள். துணி சிவப்பாயிருந்தது. கிட்ட வந்ததும் பார்த்தேன், பனையால் விழுந்த ஒரு இளைஞன். அவனுக்காக நான் ஒரு நிமிடம்கூடக் கவலைப்படவில்லை. வாசல் காவலாளி தம்பிஐயா நான் நிற்பதை இரண்டு தரம் பார்த்துவிட்டார். அவரிடம் கேட்டேன்.

"யாகோப்பு எண்டு ஒராளைக் கொண்டு வந்தவையோ? சந்தியிலை விழுந்தவர்."

"விழுந்த ஆக்களைச் சொல்லப்போனால் பொழுதுபட்டிடும். நீர் ஆர் அவருக்கு?"

"அவரிட்டைப் பாண் வாங்கிறனான்."

"ஓ, அப்ப உமக்குப் பாணுக்குத்தான் கவலை."

ஒருநாளும் வாங்கியதில்லை. பத்து மணியானது. பதினொன்றானது. வராதவர் ஒன்று எழும்பித் தூசியைத் தட்டிவிட்டுப் போயிருக்க வேண்டும், அல்லது கொண்டுவரத் தேவையில்லாமல் போயிருக்க வேண்டும். இரண்டுக்கும் வாசல் ஒரே மாதிரி வெறுமையாகத்தான் இருக்கும்.

பதினொன்றரைக்குத் தில்லைநாதன் ஓடிவந்தான். வேர்த்திருந்தான்.

"அண்ணை, பெட்டைப்பிள்ளை! ரெண்டு பேரும் சுகம். கொடி சுத்தினதாம். இன்னும் பத்து நிமிசம் சுணங்கியிருந்தால் பிள்ளை இல்லையாம். நீங்கள் நிக்காமல் வந்தபடியால்தான்."

"தில்லைநாதன், அது கல்லோ?"

அவன் கையைப் பிசைந்தான். கண் வாசலுக்கு வெளியே போய்த் திரும்பி வந்தது.

"நான் பாக்கேல்லை அண்ணை. சத்தியமாப் பாக்கேல்லை. நீங்களும் இப்ப அதை ஏன் நினைக்கிறியள்? அந்தப் பக்கத்தாலை போகாமல் மற்றப் பாதையாலை வீட்டை போங்கோ."

காரைத் தள்ள அவனும் இன்னும் ஒருவரும் வந்தார்கள். போத்தலைக் கவிழ்த்துப் பிடித்தேன். கடைசிச் சொட்டுவரை குழாய்க்குள் போனது. எஞ்சின் பிடித்தது. போத்தல் காலி.

மற்றப் பாதையும் இருந்தது. குறுக்கு ஒழுங்கைகளால் போனால் வைரவர் சந்தியைத் தொடாமலே வட்டுக்கோட்டைக்குப் போகலாம். பிரியும் இடத்தில் திரும்பாமல் நேரே வந்தேன். நல்லவன் என்பதால் அல்ல. இரவு முழுக்க எப்படியும் விழித்துத்தான் இருக்கப்போகிறேன். அந்த இரண்டு தட்டல்களோடு மட்டும் விழித்திருக்க முடியாது.

நகரப் பக்கமிருந்து வரும்போது அந்தச் சந்தியில் எனக்கு இடப்பக்கத் திருப்பம். யாருக்கும் குறுக்கே போக வேண்டியதில்லை. நிற்கவும் தேவையில்லை. ஓரத்தோடு வந்து, கையை வெளியே நீட்டி வட்டமாகச் சுழற்றிவிட்டு அப்படியே வழுக்கிக்கொண்டு போய்விடலாம். இந்த வீதியில் அந்த ஒரு திருப்பம்தான் என் காருக்கென்று செய்ததுபோல இருக்கும்.

பீப்பாவில் ஆள் மாறியிருந்தது. மத்தியானத்துப் பொலிஸ், கொஞ்சம் வயதானவர். என்னைத் தெரியாது. என் கை சுழல்வதைக் கண்டு, போ போ என்று சைகை காட்டினார். வைரவர் கோயில் மதிலோடு ஒரு சைக்கிள் சாத்தியிருந்தது. பின்சில்லு எட்டுப்போல வளைந்திருந்தது. பக்கத்தில் நிலத்தில் பாண்பெட்டி. சந்தியின் நடுவில், காலையில் நான் திரும்பிய இடத்தில், இரண்டு காகங்கள் எதையோ கொத்திக்கொண்டிருந்தன. பாண் துண்டுதான். தேநீர்க்கடை வாங்கில் பேச்சு நின்றது. நாலைந்து முகங்கள் என் கதவைப் பார்த்தன.

பொலிஸ் மறுபடியும் கை காட்டினார். போ.

அக்சிலேற்றரில் இருந்து காலை எடுத்து மற்ற இரண்டு பெடல்களையும் மிதித்தேன். எஞ்சின் இரண்டு தரம் இருமியது. பிறகு நின்றது.

மூன்று வருடமாக அந்தச் சந்தியில் நான் கேட்காத சத்தமெல்லாம் கேட்டது. சைக்கிள் மணிகள். தேநீர் ஆற்றுகிற சத்தம். காகம். பின்னால் வந்தவர்கள் மணியடித்து, பிறகு இரண்டு பக்கமாகப் பிரிந்து என்னைத் தாண்டிப் போனார்கள்.

பொலிஸ் பீப்பாவில் இருந்து இறங்கி வந்தார்.

"என்ன, நிண்டிட்டுதோ? தள்ள ஆள் கூப்பிடட்டோ?"

"இல்லை. நான்தான் நிப்பாட்டினனான்."

அவருக்கு விளங்கவில்லை. என் கையைப் பார்த்தார். அது இன்னும் வெளியேதான் இருந்தது. தேநீர்க்கடையில் ஒருவர் கிளாசை வைத்துவிட்டு எழுந்து என்னை நோக்கி நடந்து வரத் தொடங்கினார். நான் அவரைப் பார்க்கவில்லை. பாண்பெட்டியைப் பார்த்தேன். யாரோ அதன் மூடியைச் சாத்திக் கொக்கியையும் மாட்டியிருந்தார்கள். மூடிக்கு மேலே, நடுவில், ஒற்றைச் செருப்பு ஒன்றை எடுத்து வைத்திருந்தார்கள்.