வக்கீல் அடித்துவிட்ட வரிகள்

1

“பெயிண்ட் இன்னும் காயலையே. சரி விடு, இன்னைக்கு ஒருநாள் அட்டையில எழுதி மாட்டிக்கிறேன்.”

கணவர் அவளிடம் கடைசியாகச் சொன்னது இதுதான். இந்தக் கதை பிறந்ததும் இதிலிருந்துதான். வக்கீல் அவளிடம், “அன்னைக்குக் காலையிலேர்ந்து நடந்ததை ஒண்ணு விடாம எழுதிக் கொண்டாங்கம்மா” என்றார். நான்கு பக்கம் எழுதிக்கொண்டு போனாள். அவர் நீலப் பேனாவால் அடித்து அடித்து அதை முக்கால் பக்கமாக்கினார். முதலில் அடிபட்டவை மேலே இருக்கும் வரிகள். மிச்சம் இழப்பீடு கேட்கும் மனுவுக்குப் போனது. அடிபட்டதெல்லாம் என்னிடம் இருக்கிறது.

[அவள் என்பது நான்தான். மறைக்க ஒன்றுமில்லை. மனுவில் என்னை ‘மனுதாரர்’ என்று எழுதியிருந்தார்கள். மனுதாரரின் கணவர், மனுதாரரின் மகள், மனுதாரருக்கு ஏற்பட்ட இழப்பு. படிக்கும்போது யாரோ ஒருத்திக்கு நடந்ததுபோல இருந்தது, மூச்சு விட முடிந்தது. அந்த வசதியை இங்கேயும் எடுத்துக்கொள்கிறேன்.]

2

வேறு தொடக்கங்களும் எழுதிப் பார்த்தேன்.

‘அவர் மிகவும் கவனமான மனிதர்.’ செத்துப்போனவர்கள் எல்லோருமே கவனமானவர்கள்தான். வேண்டாம்.

‘தரைத்தளத்தில் நின்ற ஒருவர் பொத்தானை அழுத்தினார்.’ இப்படித் தொடங்கினால் அந்த ஒருவரைப் பற்றியும் எழுத வேண்டும். கையில் துணிப்பையோடு கடைக்குப் புறப்பட்டவர். ஆஸ்பத்திரிக்கு இரண்டு தடவை வந்து, உள்ளே வராமல், மாடிப்படிக்குப் பக்கத்தில் நின்றுவிட்டு —

நேராகவே சொல்லிவிடுகிறேன். அவளுடைய கணவர் லிஃப்ட் மெக்கானிக். கூண்டின் கூரைமேல் ஏறி நின்றுதான் பாதி வேலை. ஏறுவதற்கு முன் தரைத்தளக் கதவில் ஒரு தகரப் பலகையை மாட்டுவார்: ‘மேலே ஆள் இருக்கிறார். பொத்தானைத் தொடாதீர்கள்.’ எழுத்து அவளுடையது. அவள் அச்சகத்தில் பிழை திருத்துகிறவள், கையெழுத்து நன்றாக இருக்கும். ஏழு வருடத்தில் அந்த எழுத்து தேய்ந்துபோயிருந்தது. விபத்துக்கு முந்தின நாள் சாயங்காலம் சிவப்புப் பெயிண்ட் வாங்கி அதன் மேலேயே மறுபடி எழுதினாள்.

அவர் கேட்கவில்லை. அவளாகத்தான் எழுதினாள்.

அன்று தூறல். காலையில் அவர் பலகையைத் தொட்டுப் பார்த்தபோது விரலில் சிவப்பு ஒட்டியது. பையில் வைத்தால் எல்லாவற்றிலும் ஒட்டும் என்று வீட்டிலேயே வைத்துவிட்டுப் போனார். அன்று அவர் மேலே நிற்கும்போதே கூண்டு நகர்ந்தது. கூரைமேல் இருக்கும் நிறுத்துகிற சுவிட்ச் வேலை செய்யவில்லை. அதை மாற்றச் சொல்லி அவர் கட்டட நிர்வாகத்துக்கு இரண்டு முறை எழுதியிருந்தார். அதனால்தான் வழக்கை இழுக்காமல் பேசி முடித்துக்கொள்ளலாம் என்று கட்டடத்தின் காப்பீட்டு நிறுவனமே கூப்பிட்டது.

அட்டையில் எழுதி மாட்டினாரா என்பது யாருக்கும் தெரியாது. அட்டை எதுவும் கிடைக்கவில்லை.

3

வக்கீல் நல்லவர். ஒரு வெள்ளைத் தாளை எடுத்துப் பொறுமையாக விளக்கினார்.

“மனுஷனுக்கு விலை போடறாங்கன்னு நினைக்காதீங்கம்மா. அவர் இருந்திருந்தா வீட்டுக்கு என்ன வந்திருக்கும், அதுதான் கணக்கு. வருஷச் சம்பளம் எவ்வளவுன்னு பார்ப்பாங்க. அதுல மூணுல ஒரு பங்கு கழிப்பாங்க. மிச்சத்தை, அவர் வயசுக்குன்னு ஒரு எண் இருக்கு, அதால பெருக்குவாங்க.”

“எதுக்குக் கழிக்கணும்?” என்று கேட்டார் கூட வந்திருந்த நாத்தனார், கணவரின் அக்கா.

“அவர் தனக்குன்னு செலவு பண்ணியிருப்பாரில்லம்மா.”

“அவனா? தனக்கா? ஒரே செருப்பை மூணு தடவை தைச்சுப் போட்டவன் சார் என் தம்பி. மூணுல ஒரு பங்கை அவனே தின்னுட்டானாமா? இந்தச் சட்டத்தை எழுதின மகராசனை ஒரு வாரம் எங்க வீட்ல வந்து குடித்தனம் பண்ணச் சொல்லுங்க!”

வக்கீல் சிரித்துவிட்டார். அவளும் சிரித்தாள். கணவர் போன பிறகு அவள் சிரித்தது அதுதான் முதல் தடவை. (இந்த வரியை மூன்று முறை எடுத்துவிட்டு மூன்று முறை திரும்பச் சேர்த்தேன்.)

“வலிக்கும் வேதனைக்கும் தனியா ஒரு தொகை உண்டு” என்று தொடர்ந்தார் வக்கீல். “பதினோரு நாள் ஆஸ்பத்திரியில இருந்தாரே, நினைவு இருந்துச்சா?”

“பேசல.”

“பேச்சை விடுங்க. வலி தெரிஞ்சுதா?”

“ஒருநாள் என் விரலை அழுத்தினார்.”

“டாக்டர் அதை எழுதியிருக்காரா?”

“அப்ப நான் மட்டும்தான் இருந்தேன்.”

அவருக்கு ஒன்றும் தெரியக்கூடாது என்று பதினோரு நாளும் வேண்டிக்கொண்டவள், தெரிந்தது என்று இப்போது நிரூபிக்க வேண்டியிருந்தது. வக்கீல் அந்த இடத்தைக் காலியாக விட்டார்.

நாத்தனார் தண்ணீர் குடிக்க வெளியே போன நேரம் பார்த்து, வக்கீல் குரலைத் தாழ்த்தினார்.

“அந்தப் பெயிண்ட் சமாச்சாரம் இருக்கே, அது இல்லவே இல்ல. பலகை வீட்ல இருந்துச்சுன்னு தெரிஞ்சா, பாதித் தப்பு அவர் மேலன்னு சொல்லிப் பாதியைக் கழிச்சிடுவாங்க. எடுத்துட்டுப் போனார், மாட்டினார், அந்தக் களேபரத்துல காணாமப் போச்சு. பொண்ணு படிப்பை நினைச்சுக்குங்க.”

அவளும் மகளின் படிப்பைத்தான் நினைத்தாள். பலகை அப்போது அவள் வீட்டு அலமாரிக்குப் பின்னால், செய்தித்தாளில் சுற்றி இருந்தது. நாத்தனாருக்கு அது தெரியாது.

4

பேசி முடிக்கிற நாள். வட்ட மேசை, ஏசி, நடுவில் கண்ணீர் துடைக்க டிஷ்யூ பெட்டி. நிறுவனத்து அதிகாரியை வில்லனாக எழுதிப் பார்த்தேன், நிற்கவில்லை. அவர் ஜலதோஷத்தோடு வந்திருந்தார். பெட்டியிலிருந்த டிஷ்யூ எல்லாம் அவருக்கே செலவாயிற்று.

“ஒரே ஒரு கேள்விதாம்மா. நீங்க சொல்றதை எழுதிக் கையெழுத்து வாங்கிப்போம். அதோட முடிஞ்சுது. அன்னைக்கு அவர் பலகையை எடுத்துட்டுப் போனாரா?”

“எடுக்காமப் போவானா?” என்று முந்திக்கொண்டார் நாத்தனார். “சோத்தை மறந்தாலும் அதை மறக்க மாட்டான்!”

“நீங்க இல்லம்மா. அவங்க சொல்லணும்.”

அதிகாரி, நாத்தனார், வக்கீல், மூன்று பேரும் அவளைப் பார்த்தார்கள்.

இங்கேதான் கதை நின்றுபோகிறது. நீங்கள் கேட்கலாம், இதில் யோசிக்க என்ன இருக்கிறது என்று. ‘ஆமாம்’ என்றால் முழுத் தொகை. அவர் பெயரும் கெடாது. நாத்தனார் முகத்தில் விழிக்கலாம். வேலை செய்யாத சுவிட்சை வைத்திருந்தவர்கள் கொடுக்க வேண்டியதைத்தானே கொடுக்கிறார்கள்?

ஆனால் அவர் பலகையை எடுத்துப் போனார் என்றால், அதைத் தொட்டுப் பார்க்கவில்லை. விரலில் சிவப்பு ஒட்டவில்லை. ‘பெயிண்ட் இன்னும் காயலையே’ என்று சொல்லவில்லை. கோபித்துக்கொள்ளக்கூட இல்லாமல் ‘சரி விடு’ என்று சொல்லவில்லை. மனுவில் அந்தக் காலைக்கு இருப்பது இவ்வளவுதான்: ‘வழக்கம்போல் பணிக்குப் புறப்பட்டார்.’ அதன் அடியில் அவள் கையெழுத்துப் போட வேண்டும். அதற்கு அப்புறம் மகளிடம்கூட வேறு மாதிரி சொல்ல முடியாது.

5

முடிவுகள்.

அ. அவள் ‘ஆமாம்’ என்கிறாள். பேனா தயாராக இருக்கிறது. திரும்பும்போது நாத்தனார் அவள் கையை விடவே இல்லை. மகள் படிக்கிறாள். [நல்ல முடிவு. அச்சகத்தில் இது என் மேசைக்கு வந்திருந்தால் ஒரு எழுத்தும் திருத்தியிருக்க மாட்டேன்.]

ஆ. அவள் எல்லாவற்றையும் சொல்கிறாள். அதிகாரி மூக்கைத் துடைத்துக்கொண்டு ஒரு எண்ணை அடித்து, பக்கத்தில் அதில் பாதியை எழுதுகிறார். நாத்தனார் எழுந்து — நாத்தனார் எழுந்து என்ன செய்வார்? ஏழெட்டு மாதிரி எழுதிவிட்டேன். அறைகிறார். கட்டிக்கொள்கிறார். பேசாமல் போய்விடுகிறார். எதுவும் அவர் மாதிரி இல்லை.

இ. ‘எனக்குத் தெரியாது’ என்கிறாள். இது எழுதுகிறவளுக்குச் சௌகரியமான முடிவு. அவளுக்குத் தெரியும்.

அன்று நான் ஒன்றைச் சொன்னேன். அது ஒரு கோப்பில் என் கையெழுத்தோடு இருக்கிறது. இங்கே எழுதப்போவதில்லை. அந்த இரண்டு வாக்கியங்களையும் கதையின் தலையிலேயே வைத்துவிட்டாளே, அங்கேயும் சொல்லியிருப்பாள் என்று முடிவு கட்டிவிடாதீர்கள். கதைக்கு அடியில் யாரும் கையெழுத்து கேட்பதில்லை. அங்கே சொல்லாததால்தான் இங்கே சொல்கிறாள் என்றும் இருக்கலாம். அந்த மேசையில் நாற்காலி ஒன்று காலியாக இருக்கிறது. உட்கார்ந்து பார்த்து நீங்களே சொல்லுங்கள்.

எங்கள் வீட்டில் எல்லா அறையிலும் சுவிட்சைக் கீழே தட்டினால் விளக்கு எரியும். சமையலறையில் மட்டும் மேலே தட்ட வேண்டும். அவர் தலைகீழாக மாட்டியது. இன்னும் அப்படித்தான் இருக்கிறது.