மரங்கோன் வீட்டுக் குரல்

அன்று ரோமில் அந்த டப்பிங் அறையில் இருந்தவர்கள்: நடிகை ஒர்தென்சியா மரங்கோன், அவள் அண்ணன் அக்கில்லே மரங்கோன், டைரக்டர் ஃபுல்வியோ தார்தி, ஒர்தென்சியாவுக்குப் பதிலாகக் குரல் கொடுக்க வந்த லிவியா, ஒலிப்பதிவாளர் நந்தோ. வேறு யாரும் இல்லை.

அக்கில்லே படோவாவிலிருந்து அதற்காகவே ரயிலேறி வந்திருந்தார். நான்கு தலைமுறையாக மேடையேறிய குடும்பம். தங்கை இருபத்திரண்டு வயதிலேயே நரைமுடி வைத்துக்கொண்டு, தன்னைவிட ஏழு வயது மூத்த அவருக்கே அம்மாவாக நடித்தவள். கதாநாயகியாக ஒரு நாளும் நின்றதில்லை. மாமியார், கல்யாணத் தரகுக்காரி, வாசல் காக்கும் கிழவி என்று எதுவாக வந்தாலும் சரி, அவள் உள்ளே வந்தபின் கதாநாயகி பேசுவது யார் காதிலும் விழாது. அறுபதைத் தொட்டபோது சினிமாவே அவளைத் தேடிவந்தது. ஆனால் அவள் பேசும் வெனிஸ் பக்கத்துப் பேச்சு தெற்கே புரியாது என்று, இந்தப் படத்தின் தயாரிப்பாளர் வேறு குரலுக்கு ஏற்பாடு செய்துவிட்டார்.

"இன்னொருத்தி குரல் போடுறதா இருந்தா போஸ்டர்ல எங்க பேரு வேண்டாம். எடுத்துடுங்க" என்றார் அக்கில்லே. நாற்காலி காட்டியும் அவர் உட்காரவில்லை.

"பேரு என்னோடதுண்ணே" என்றாள் ஒர்தென்சியா.

"அப்பாவோடது."

விளக்கு அணைந்து, ஒலியில்லாமல் திரை ஒளிர்ந்தது. சிறைவாசலில் நின்று மகனை மன்னிக்கும் தாய். லிவியா வசனத்தைப் பேசினாள். அவள் முடித்த பிறகும் திரையில் உதடு அசைந்துகொண்டிருந்தது. மறுபடி பேசினாள். உதடு மூடிவிட்டது, வசனம் பாதி மிச்சம்.

"இந்தம்மா என்னதான் பேசுறாங்க?" என்றாள் லிவியா. "இது பேப்பர்ல இருக்குற வசனமே இல்லையே."

அக்கில்லே திரையருகே போனார். நாற்பது வருடம் எதிரே நின்று பார்த்த உதடுகள் அவை. அவர் முகம் சிவந்தது.

"நாப்பத்தொண்ணு, நாப்பத்திரண்டுன்னு எண்ணிக்கிட்டு நிக்கிறா. ஏம்மா, வசனம் மறந்துபோச்சா? நம்ம வீட்டுல யாரும் மறந்ததில்லையே."

"யாரு மறந்தா? லைட்டு பாக்கணும், சும்மா வாய அசைங்கன்னு இவருதான் சொன்னாரு. எண்ணினேன். சினிமாவுல எல்லாரும் எண்ணுறதுதான்."

டைரக்டர் தலையைச் சொறிந்தார். "அப்புறம் வசனத்தோடவும் எடுத்தோம் ஐயா. ஆனா அவங்க எண்ணினப்பதான் லைட் பிடிச்சவன்கூட கண்ணத் தொடச்சான். அதான் அதையே வெச்சுட்டேன்."

அக்கில்லே மீண்டும் திரையைப் பார்த்தார். வெறும் எண்கள். அந்த முகம் மகனை மன்னித்துக்கொண்டிருந்தது. அப்போதுதான் நாற்காலியை இழுத்துப்போட்டு உட்கார்ந்தார்.

லிவியா ஹெட்ஃபோனைக் கழற்றினாள். "எங்க மூச்சு விட்டாங்க, எங்க முழுங்கினாங்கன்னு அவங்களுக்குத்தானே தெரியும்? என்னால ஆகாது சார்."

ஒர்தென்சியா எழுந்து கண்ணாடியைத் துடைத்து மாட்டிக்கொண்டு மைக் முன்னால் நின்றாள். "நந்தோ, ஒருதடவ ஓடவிடுப்பா."

பேசினாள். அதே வசனம், ஊர்ப்பேச்சின் அதே இழுப்பு. எண்ணும்போது திணறிய இடத்தில் 'மகனே' என்ற சொல் திணறியது. உதடு மூடிய இடத்தில் வசனமும் முடிந்தது. நந்தோ கருவியை நிறுத்த மறந்து உட்கார்ந்திருந்தான்.

"தெக்க புரியாதும்பாங்களே" என்றார் டைரக்டர் மெதுவாக.

"நானும் தெக்கத்திக்காரிதான், நேப்பிள்ஸ். எனக்குப் புரிஞ்சுது" என்று லிவியா கோட்டை மாட்டிக்கொண்டாள். "அடுத்த படத்துல எண்ணாம பேசுங்கம்மா. எம் பொழப்பும் ஓடணுமில்ல?"

"வாய அசைன்னா எண்ணத்தாண்டி செய்வேன்."

டைரக்டர் சிரித்துவிட்டார். "சரி, இதுவே இருக்கட்டும். தயாரிப்பாளர்கிட்ட நான் பேசிக்கிறேன்."

அந்தக் குரலோடுதான் படம் வெளிவந்தது. அண்ணன்காரர் ரோமுக்குப் போய்க் கையைக் காலைப் பிடித்துத் தங்கைக்குக் குரல் வாங்கிக் கொடுத்தார் என்று படோவாவில் இன்றும் பேசிக்கொள்கிறார்கள். அது பொய். அக்கில்லே மரங்கோன் யாரையும் கெஞ்சவில்லை. பெயரை எடுக்கச் சொல்லத்தான் அவர் போனார். குரலைத் தங்கையே எடுத்துக்கொண்டாள்.